சிலம்பு: சான்றும் சின்னமும் – இடுக்கி, பாலக்காடு எல்லைப் பகுதிகளை முன்வைத்து ஓர் அறவியல் நோக்கு

முன்னுரை

ஒரு பொருள் எவ்வாறு புனிதமாகிறது என்பது சமய ஆய்வின் வினா. புனிதமான பின் அப்பொருளை யார், எதற்காகப் பயன்படுத்தலாம் என்பது அறவியலின் வினா. முதல் வினாவிற்கு வரலாறும் மானிடவியலும் விடை தரவல்லன. இரண்டாவது வினாவிற்கு அப்பொருளின் பிறப்பிலேயே விடை தேட வேண்டியுள்ளது. தமிழ் மரபில் இவ்விரு வினாக்களும் ஒருங்கே எழுவதற்கு இடமான பொருள் கண்ணகியின் சிலம்பு. காப்பியத்தில் அது அணிகலன், விலைப்பொருள், வழக்கின் சான்று என மூன்று நிலைகளைக் கடக்கிறது. காப்பியத்திற்கு வெளியே வழிபடுபொருளாகவும், கலைச் சின்னமாகவும், அரசியல் அடையாளமாகவும் விளங்குகிறது. இடுக்கி மாவட்டத்தின் கிழக்கு எல்லையிலுள்ள மங்கலதேவி மலையிலும், கொங்கு நாட்டை அடுத்த பாலக்காட்டுப் பகவதி கோயில்களிலும் சிலம்பும் சிலம்பின் நினைவும் இன்றும் வழக்கில் உள்ளன. இப்பகுதிகளை முன்வைத்துப் புனிதச் சின்னத்தின் முறையான பயன்பாடு எது என்பதனை ஆராய இக்கட்டுரை முற்படுகிறது.

விலைப்பொருளும் சான்றுப்பொருளும்

புகாரில் பொருளிழந்த கோவலன் மதுரையில் வாணிகம் தொடங்க முதலாகக் கொண்டது சிலம்பு. ஆகவே காப்பியத்தின் மையப்பொருள் முதலில் வறுமையின் அடையாளமாகவே ஊருக்குள் நுழைகிறது. அரசியின் சிலம்பைக் கவர்ந்த பொற்கொல்லன், விற்க வந்தவனையே கள்வனாக்குகிறான். அரசியின் ஊடலைத் தணிக்க விரைந்துகொண்டிருந்த அரசன் ஆராயாமல் ஆணையிடுகிறான். காவலர் தயங்குகின்றனர், இவனது தோற்றம் கள்வனின் தோற்றமன்று என்கின்றனர். பொற்கொல்லன் களவு நூல் பேசி அத்தயக்கத்தைக் கலைக்கிறான். இறுதியில் கல்லாத களிமகன் ஒருவன் வாளை வீசுகிறான். ஓர் உயிர் போவதற்குப் பொய்யன் ஒருவன் மட்டும் போதாது. ஆராயாத அதிகாரம், தயங்கியும் தடுக்காத காவல், சினமோ காரணமோ இன்றி வெட்டும் கை ஆகிய மூன்றும் சேர வேண்டும் என்பதனைக் கொலைக்களக் காதை காட்டுகிறது.

வழக்குரை காதையில் இருக்கும் சிலம்புகள் இரண்டு. ஒன்று, கோவலனிடமிருந்து பறிக்கப்பட்டு அரசனின் காவலில் இருப்பது. மற்றொன்று, கண்ணகி தன் கையில் ஏந்தி வந்தது. அரசியின் சிலம்பில் முத்தும் கண்ணகியின் சிலம்பில் மாணிக்கமும் பரலாக இருந்தன. புறத்தோற்றத்தால் இவற்றை வேறுபடுத்தி அறிய இயலவில்லை என்பதுதான் வழக்கின் சிக்கல். அரசன் பறித்த சிலம்பை வருவித்து முன்வைக்கிறான், கண்ணகி அதனை உடைக்கிறாள், மணி தெறிக்கிறது, உண்மை வெளிப்படுகிறது. இங்கு நுட்பமாக நோக்கத்தக்கது ஒன்றுண்டு. உண்மையை நிறுவியது உடைந்த சிலம்பு. பிற்காலச் சிற்பமும் ஓவியமும் மேடையும் ஏற்றுக்கொண்டதோ அவள் கையில் ஏந்திய உடையாத சிலம்பு. சென்னைக் கடற்கரையில் 1968ஆம் ஆண்டு உலகத் தமிழ் மாநாட்டையொட்டி நிறுவப்பட்ட சிலையும் அவ்வாறே அமைந்துள்ளது. கலை நோக்கில் இது இயல்பே. ஏந்திய சிலம்பை வடிக்கலாம், சிதறிய பரல்களை வடித்தல் அரிது. ஆனால் சான்று சின்னமாக மாறும்போது எது விடுபடுகிறது என்பதற்கு இதுவே முதல் அடையாளம். உடைக்கப்பட்டதால் பயன்பட்ட பொருள், உடையாததாகவே நினைவில் நிலைபெறுகிறது.

மூன்று வேந்தர், மூன்று விடைகள்

சான்று வெளிப்பட்ட பின் அதனை எதிர்கொள்ளும் வேந்தர் மூவரைக் காப்பியம் காட்டுகிறது. முதல்வன் நெடுஞ்செழியன். அவன் சான்றை மறுக்கவில்லை. பிறர்மேல் பழியை ஏற்றவில்லை. தன்னையே கள்வனெனக் கூறி உயிர் துறக்கிறான். ஆட்சியில் தவறியவர்க்கு அறமே எமனாகும் என்னும் பதிகக் கருத்து, தண்டிக்கப்பட்டவனே தண்டனையை ஏற்றுக்கொள்ளும் இவ்விடத்தில் நிறைவு பெறுகிறது. வாழ்த்துக் காதையில் தெய்வமாகத் தோன்றும் கண்ணகி, பாண்டியன் குற்றமற்றவன் என்றும் தான் அவனுடைய மகள் என்றும் கூறுவது இதனாலேயே பொருளுடையதாகிறது. தவற்றை ஏற்றவனை அவள் தன் உறவாக்கிக்கொள்கிறாள்.

இரண்டாமவன் கொற்கையில் இருந்த வெற்றிவேற் செழியன். நாட்டில் மழை பொய்த்து நோயும் பஞ்சமும் பெருகியபோது அவன் கண்ணகிக்குப் பொற்கொல்லர் ஆயிரவரைப் பலியிட்டான் என்று உரைபெறு கட்டுரையும் நீர்ப்படைக் காதையும் குறிக்கின்றன. நாடு மலிய மழை பெய்தது என்று நூல் தொடர்ந்து கூறுவதால் இச்செய்தி வழிபாட்டின் சிறப்பாகவே பெரும்பாலும் படிக்கப்படுகிறது. அறநோக்கில் படிக்கும்போது இது காப்பியத்தின் மிகக் கொடிய இடமாகும். ஆராயாமல் கொல்லப்பட்ட ஒருவனின் பொருட்டுத் தெய்வமான பெண்ணுக்கு, ஆராயப்படாமலே ஆயிரவர் கொல்லப்படுகின்றனர். ஒரு பொற்கொல்லனின் குற்றம் ஒரு குலத்தின் குற்றமாகிறது. நெடுஞ்செழியன் தன் உயிரைத் தந்தான்; வெற்றிவேற் செழியன் பிறர் உயிரைத் தந்தான். மதுரையை எரித்தபோதும் அறவோரையும் முதியோரையும் குழந்தைகளையும் விலக்குமாறு தீக்கடவுளிடம் கூறியவள் கண்ணகி. தீயோரைப் பிரித்தறியுமாறு அவள் விதித்த வரம்பினை அவளை வழிபட்டவன் மீறினான் என்பது கருதத்தக்கது.

மூன்றாமவன் செங்குட்டுவன். பேரியாற்று மணற்பரப்பில் தங்கியிருந்தபோது குன்றக்குறவர் வாயிலாகச் செய்தி அறிந்து, இருவருள் வியத்தற்குரியவள் யார் என அரசியை வினவுகிறான். கணவனோடு உயிர்நீத்த பாண்டிமாதேவி வானுலகில் சிறப்பெய்தட்டும். நம் நாட்டை அடைந்த பத்தினியை வழிபடுதல் வேண்டும் என்பது வேண்மாளின் விடை. அவள் வேண்டியது வழிபாடு. அது அரசவையில் படையெடுப்பாக விரிகிறது. கல் பொதியிலிலும் கிடைக்கும். எனினும் இமயம் தேர்ந்தெடுக்கப்படுகிறது. கனகவிசயர் முடித்தலையில் கல் ஏற்றப்படுகிறது. மாற்றுவேடத்தில் தப்பியோரைச் சிறைப்பிடித்தது வீரமன்று எனச் சோழனும் பாண்டியனும் இகழ்ந்ததையும், மாடலன் அறிவுரைக்குப் பின்னரே ஆரிய மன்னர் விடுதலை பெற்றதையும் காப்பியம் மறைக்கவில்லை. நீதி கேட்ட ஒருத்திக்கு எடுத்த கல், வழியில் வெற்றிக்கல்லாகவும் ஆனது. சின்னம் அதிகாரத்தின் கைக்கு மாறும்போது நேரும் திரிபையும், அத்திரிபு திருத்தப்படக்கூடியது என்பதையும் இப்பகுதி ஒருங்கே உணர்த்துகிறது.

எல்லைமலையில்

இம்மூவருக்கும் முன்னரே கண்ணகியைத் தெய்வமாகக் கண்டவர் மலைவாழ் குறவர். வேங்கை மரநிழலில் நின்றவளைக் கண்டு, குரவையாடி, தம் குலதெய்வமாக ஏற்றவர் அவர்களே. அவர்களிடம் படையில்லை, எல்லையில்லை, கல்லில்லை. சிலம்பு என்னும் சொல்லே தமிழில் அணிகலனையும் மலையையும் ஒலியையும் குறிப்பது. காப்பியத்தின் தலைப்புச் சொல், அதன் தலைவி இறுதியாக ஏறிய நிலத்தின் பெயராகவும் அமைந்திருப்பது எண்ணத்தக்கது.

இடுக்கி மாவட்டம் குமுளியை அடுத்து, பெரியாறு புலிகள் காப்பகத்தினுள் ஏறத்தாழ 1,337 மீட்டர் உயரத்தில் அமைந்த மங்கலதேவி கோயில், கண்ணகி கோட்டம் எனப் போற்றப்படுகிறது. தமிழக எல்லையில் இப்பகுதி வண்ணாத்திப்பாறை எனப்படுகிறது. கண்ணகியின் வழித்தடத்தை நடந்தே ஆய்ந்த பேராசிரியர் சி. கோவிந்தராசனார் 1960களில் இக்கோயிலைச் செங்குட்டுவன் எடுத்த கோட்டமென அறிவித்த பின்னர்த் தமிழுலகின் கவனம் இங்குத் திரும்பியது. கண்ணகி விண்ணேறிய குன்றம் எதுவென்பதில் அறிஞரிடையே கருத்து வேறுபாடு உண்டு; திருச்செங்கோடு எனக் கொள்வாரும் உளர். அவ்வாய்வு தனியே நிகழ வேண்டியது. ஆண்டில் ஒருநாள், சித்திரை முழுநிலவன்று மட்டும் இக்கோயிலில் வழிபாடு அனுமதிக்கப்படுகிறது. தேனி, இடுக்கி மாவட்ட நிர்வாகங்கள் கூடி ஏற்பாடுகளை மேற்கொள்கின்றன. குமுளியிலிருந்து ஜீப்பிலும், தமிழகப் பகுதியிலுள்ள பளியங்குடியிலிருந்து நடந்தும் அடியவர் ஏறுகின்றனர். நடைவழியின் அடிவாரம் பளியர் பெயரைத் தாங்கியிருப்பது, மலைமக்களே இவ்வழிபாட்டின் முதல் வாயிலாக இருந்த காப்பியச் செய்தியை நினைவூட்டுகிறது.

1956 நவம்பர் 1 அன்று மாநிலங்கள் மொழிவழி திருத்தி அமைக்கப்பட்டபோது தேவிகுளம், பீர்மேடு வட்டங்கள் கேரளத்தில் அமைந்தன. அவற்றைத் தமிழகத்தோடு இணைக்கக் குரல் கொடுத்தவருள் ஒருவர் ம.பொ. சிவஞானம். அவர் சிலம்புச் செல்வர் என்னும் சிறப்புப்பெயர் பெற்றவர். மூவேந்தர் நாடுகளையும் ஒரு நூலில் இணைத்த சிலப்பதிகாரத்தைத் தமிழரின் ஒருமைக்குரிய காப்பியமாக முன்னிறுத்தியவர். எல்லைப் போராட்டமும் சிலம்புப் பரப்புரையும் அவரிடத்தில் ஒன்றன்மேல் ஒன்றாக இயங்கின. அதே காலத்தில் தந்தை பெரியார் இக்காப்பியத்தின் கற்பு நெறியையும் ஊழ்க் கோட்பாட்டையும் கடுமையாக மறுத்தார். ஒருவர் ஒருமையைக் கண்ட நூலில் மற்றவர் பெண்ணடிமையைக் கண்டார். கடற்கரைச் சிலை 2001 டிசம்பரில் அகற்றப்பட்டதும் 2006 ஜூனில் மீண்டும் நிறுவப்பட்டதும் சின்னத்தின் மீதான அரசியல் வேட்கை எத்துணை வலியது என்பதற்குச் சான்றுகள்.

மங்கலதேவி கோயில் யாருக்குரியது என்னும் வழக்கில் இருபுறமும் ஆவணங்கள் முன்வைக்கப்படுகின்றன. அவ்வழக்கு சட்டத்தாலும் நில அளவையாலும் தீரவேண்டியது. அதில் குறைகாண இடமில்லை. ஆனால் எல்லை வழக்கே கண்ணகி வழிபாட்டின் முழுப்பொருளாகும்போது, ஆராயாத தீர்ப்பை எதிர்த்தவள் ஓர் எல்லைக்கல்லின் அளவிற்குச் சுருங்குகிறாள். பாண்டிய நாட்டு அநீதியைச் சேரநாட்டு மலை நினைவில் வைத்தது என்பதுதான் காப்பியத்தின் பெருமை. தன் நாட்டு எல்லைக்கு அப்பால் நிகழ்ந்த தவற்றிற்காக இரங்கிய மக்களின் தெய்வத்தை எல்லைக்குள் அடக்க முயல்வது முரணாகும்.

வாளும் சிலம்பும்

பாலக்காட்டில் சிலம்பு வேறொரு வடிவில் வாழ்கிறது. பகவதி கோயில்களின் வெளிச்சப்பாடு செம்பட்டு உடுத்து, பள்ளிவாளும் சிலம்பும் கொண்டு அருள்வந்து ஆடி, வாக்குரைப்பார். இத்தெய்வங்கள் அனைத்தும் கண்ணகியே எனக் கூறுதல் பொருந்தாது. தாருகனை வென்ற பத்ரகாளி மரபு தனித்த வேருடையது. எனினும் கொடுங்கல்லூர்ப் பகவதியைக் கண்ணகியோடு இணைக்கும் நம்பிக்கை பரவலாக உள்ளது. மீன மாதப் பரணிக்கு அங்குச் செல்லும் வெளிச்சப்பாடுகளில் பாலக்காட்டு ஊரினரும் பலர். இப்பகுதியின் கூத்துமாடங்களில் தோற்பாவைக் கலைஞர் கம்பனின் தமிழ்ப் பாடல்களைப் பகவதியின் முன்னிலையில் பாடி வருகின்றனர். மொழியெல்லையைத் தெய்வம் பொருட்படுத்தவில்லை என்பதற்கு இது போதிய சான்று.

எனினும் இங்கும் தெய்வம் எல்லைக்காவலுக்கு அழைக்கப்பட்டதுண்டு. சிற்றூர்ப் பகவதி கோயிலில் கும்ப மாதத்தில் நிகழும் கொங்கன் படை விழா, படையெடுத்து வந்த கொங்கு மன்னனைப் பகவதி வென்றதாகக் கூறும் மரபை நடித்துக் காட்டுவது. உரைபெறு கட்டுரையோ கொங்கிளங்கோசர் தம் நாட்டில் பத்தினிக்கு விழா எடுத்ததைக் கூறுகிறது. மலைக்கணவாயின் கிழக்கே கொங்கர் தெய்வத்தை வணங்கினர். மேற்கே தெய்வம் கொங்கரை வென்றாள். தெய்வங்கள் வேறாயினும் ஒரே கணவாய் இருவகை நினைவுகளையும் தாங்கி நிற்கிறது. அவற்றுள் எதனை வளர்ப்பது என்பது வழிபடுவோர் எடுக்கும் அறமுடிவாகும்.

சிலம்பேந்திய கையின் வறுமையைக் காட்டிய படைப்பு, பாலக்காடு மாவட்டம் கூடல்லூரில் பிறந்த எம்.டி. வாசுதேவன் நாயர் (1933–2024) இயக்கிய ‘நிர்மால்யம்’ என்னும் 1973ஆம் ஆண்டுத் திரைப்படம். அதன் மூலக்கதையின் பெயரே ‘பள்ளிவாளும் கால்சிலம்பும்’. வருவாயற்ற கோயிலை நம்பி வாழும் வெளிச்சப்பாட்டின் குடும்பம் பசியால் சிதைகிறது. இறுதியில் அவர் தன் நெற்றியை வெட்டி, வழியும் குருதியைத் தெய்வத்தின் முகத்திலேயே உமிழ்கிறார். பக்தி நோக்கில் இது நிந்தனை. சிலம்பின் வரலாற்றை அறிந்தவர்க்கு இது வழக்குரைத்தலின் மறுவடிவம். கண்ணகி சிலம்போடு சென்று அரசனைக் கேட்டாள். வெளிச்சப்பாடு சிலம்பின் உரிமையாளரான தெய்வத்தையே கேட்கிறார். கோவலன் கையில் வறுமையின் பொருளாக இருந்த சிலம்பு, பல நூற்றாண்டுகளுக்குப் பின்னும் வறியவன் கையிலேயே இருந்தது என்பதனை அப்படைப்பு நினைவூட்டுகிறது.

தடையும் விடையும்

சான்றைச் சின்னமாக்குவது அதனைச் சிதைப்பதே என இதுவரை கூறியதிலிருந்து ஒருவர் முடிவு செய்யலாம். அம்முடிவு முழுமையானதன்று. நீதிமன்றத்தின் சான்றுப்பொருள் தீர்ப்போடு மறக்கப்படும். வழிபாடே அதனைத் தலைமுறைகளுக்குக் கடத்துகிறது. மட்டக்களப்புப் பகுதியின் கண்ணகி அம்மன் கோயில்களில் படிக்கப்பெறும் ‘கண்ணகி வழக்குரை’ இதற்கு எடுத்துக்காட்டு. கோயிலில் பயிலும் நூலாக இருந்தும் அதன் பெயரில் வழக்கு நிலைத்துள்ளது. திருவனந்தபுரம் ஆற்றுக்கால் கோயிலில் தோற்றம்பாட்டுப் பாண்டியன் வதத்தைப் பாடி முடித்த பின்னரே பொங்கல் அடுப்பு மூட்டப்படுகிறது. இலட்சக்கணக்கான பெண்கள் கூடும் அவ்விழாவில், அநீதி நிகழ்ந்தது என்னும் கதையைக் கேட்காமல் பொங்கல் இடுவதற்கில்லை. வழிபாடு வினாவை மறைக்கவும் கூடும், காக்கவும் கூடும். ஆகவே சின்னமாதல் தவறன்று. சின்னம் எதனை நினைவூட்டுகிறது என்பதே வினா.

இங்கு ஓர் அளவுகோலை முன்மொழியலாம். ஒரு புனிதச் சின்னம் எந்தக் கேள்வியிலிருந்து பிறந்ததோ, அந்தக் கேள்வியை அதனை ஏந்துவோர் தம்மை நோக்கித் திருப்பிக்கொள்ளும்போது பயன்பாடு முறையானது. பிறரை நோக்கி மட்டும் திருப்பும்போது அது முறைபிறழ்ந்தது. நெடுஞ்செழியனின் இறப்பு முதல்வகை. ஆயிரம் பொற்கொல்லரின் பலி இரண்டாம் வகை.

இவ்வளவுகோல் நூலாய்வுக்கு மட்டும் உரியதன்று. பாலக்காடு மாவட்டத்தில் கோவை, நீலகிரி மாவட்டங்களை ஒட்டிய அட்டப்பாடியில் 2018 பிப்ரவரியில் பழங்குடி இளைஞர் ஒருவர் உணவுப்பொருள் திருடினார் என்னும் குற்றச்சாட்டின்பேரில் பிடிக்கப்பட்டு, கட்டப்பட்டு, கூட்டத்தினரால் அடித்துக் கொல்லப்பட்டார். விசாரணையில் சாட்சிகள் பலர் பிறழ்சாட்சியாயினர். 2023 ஏப்ரலில் மண்ணார்க்காட்டுச் சிறப்பு நீதிமன்றம் பதினால்வரைக் குற்றவாளிகளெனத் தீர்ப்பளித்தது. கள்வன் என்னும் ஒரு சொல், ஆராயாத கூட்டம், தடுக்காத கண்கள், அடிக்கும் கைகள் என்னும் கொலைக்களக் காதையின் உறுப்புகள் இங்கு மீண்டும் ஒன்றுகூடின. கோவலன் களவு செய்யாதவன் என்பதாலேயே அவன் கொலை அநீதியாயிற்று என்று கொள்வது போதாது. களவு செய்தானா என ஆராயுமுன்னரே கொன்றது அநீதி. களவு மெய்யாயினும் பசித்தவனின் உணவுக்கு உயிரை விலையாக்கியது அநீதி. வழக்குரை காதையை ஆண்டுதோறும் கற்பிக்கும் தமிழ்த்துறைகளும், சித்திரை முழுநிலவில் மலையேறும் அடியவரும் இந்நிகழ்வைக் கண்ணகியின் வழக்காக உணராவிடில், ஏந்தியிருக்கும் சிலம்பினுள் இருப்பது என்ன என்னும் ஐயம் எழும்.

முடிவுரை

சிலம்பு அரசர் கையிலும் இயக்கத்தார் கையிலும் அடியவர் கையிலும் புறத்தே ஒன்றுபோலவே தோன்றுகிறது. பாண்டியன் அவையிலும் இரு சிலம்புகள் ஒன்றுபோலவே தோன்றின. முத்தா, மாணிக்கமா என்பது உடைத்தபோதுதான் தெரிந்தது. சின்னத்தை உடைத்துப் பார்த்தல் என்பது அதனை இகழ்வதாகாது. அதன் பெயரால் செய்யப்படும் செயலைச் சான்றுகொண்டு சோதிப்பதாகும். கண்ணகி சிலம்பைப் போற்றியதால் உண்மையை நிறுவவில்லை. உடைக்க அஞ்சாததால் நிறுவினாள். மங்கலதேவி மலை எம்மாநிலத்திற்குரியது என்னும் வழக்கு என்றேனும் ஒருநாள் முடிவெய்தும். ஆராயாமல் தண்டிப்பவர் யாராயினும் அவர்முன் வைக்கப்படும் வழக்கிற்கு முடிவில்லை. அவ்வழக்கைத் திறந்தே வைத்திருப்போர் எம்மொழியினராயினும் அவர்களே சிலம்பிற்கு உரியவர் என்பது இவ்வாய்வின் முடிபாகும்.